காலைக் காட்டச் சொன்ன பேச்சியக்கா

சித்திரை மாதத்து ஞாயிற்றுக்கிழமை. விடிந்து கொஞ்ச நேரம்தான் ஆகியிருந்தது. கோவில்பட்டியில் எங்கள் வீட்டுப் பின்வாசலில் முக்காலி போட்டு உட்கார்ந்து கால் கழுவிக்கொண்டிருந்தேன். என் மனைவி செல்போனைக் கொண்டுவந்து என் காதில் வைத்தாள். "மாமா, அம்மா போயிட்டாவ" என்றது ஒரு குரல். பேச்சியக்காவின் மகன் செல்வம்.

நான் உடனே எழுந்து ஓடவில்லை. துண்டை எடுத்து விரல் இடுக்குகளை ஒவ்வொன்றாக ஈரம் போகத் துடைத்தேன். மனைவி ஒரு மாதிரியாகப் பார்த்தாள். "என்னங்க இது, அக்கா போயிட்டாவன்னு சொல்லுதான், நீங்க காலத் தொடச்சிக்கிட்டு இருக்கீங்க" என்றாள். துடைக்காமல் ஈரக்காலோடு போய் நின்றால் அக்கா பாடையிலிருந்து எழுந்து உட்கார்ந்து திட்டுவார் என்றேன். அதைச் சொன்ன பிறகுதான் எனக்கு அழுகை வந்தது.

இதை வாசிக்கிற உங்களில் பாதிப் பேருக்கு அக்காவைத் தெரியும். தெரியும் என்றால் முகம் தெரியும் என்று அர்த்தமில்லை. அவர் குனிந்தே இருப்பார். உங்கள் காலைப் பிடித்து மடியில் வைத்துக்கொண்டு, வகிடெடுத்த நரைமுடியை உங்களுக்குக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அந்த வகிடுதான் உங்களுக்கு ஞாபகம் இருக்கும்.

கோவில்பட்டிக்கும் கடம்பூருக்கும் நடுவில் ஒரு சிற்றூரில் இருந்த மருத்துவமனையில் நாங்கள் இருவரும் பதினான்கு வருடம் ஒன்றாக வேலை பார்த்தோம். நான் மருந்து கொடுக்கிறவன். ஊர்க்காரர்களுக்கு இன்றுவரை 'கம்பவுண்டர்'. அக்கா புண்ணுக்குக் கட்டுக் கட்டும் அறையில் உதவியாளர். எட்டாம் வகுப்புவரை படித்தவர். நான் பட்டயம் வாங்கியவன் என்ற திமிர் எனக்கு நிறையவே இருந்தது. அதை இப்போது ஒளித்து என்ன ஆகப்போகிறது.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் நான் மாற்றலாகி அங்கே போன முதல் நாள், மேசைக்கு அந்தப் பக்கம் கும்பலாக நின்ற ஆட்களுக்கு மாத்திரை கொடுத்துக்கொண்டிருந்தேன். ஒரு அம்மாள் உள்ளே வந்து, நான் யார், எந்த ஊர் என்று எதுவும் கேட்காமல், மேசைக்கு அடியில் குனிந்து பார்த்தார். "சார் நல்ல செருப்பாத்தான் போட்டிருக்காவ, ஆனா நெகத்த ரொம்ப ஒட்ட வெட்டுதாவ" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. யார் இந்தப் பொம்பளை என்று கேட்டேன். "பேச்சியக்கா. மூஞ்சிய அப்புறந்தான் பாப்பாவ, மொதல்ல காலத்தான் பாப்பாவ" என்றார்கள்.

நம் கரிசல்காட்டைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மழை பெய்தால் மண் காலோடு ஒட்டிக்கொண்டு அடிக்கு அடி கனம் ஏறும். சேற்றுப்புண் வராத விரல் இடுக்கே இருக்காது. வெயில் காலத்தில் நிலம் வெடிக்கிற மாதிரி குதிகாலும் வெடிக்கும். வெடிப்புக்குள் ஐந்து பைசாவைச் செருகலாம். இங்கே பிறந்தால் இதெல்லாம் இருக்கத்தானே செய்யும் என்று எல்லாரும் விட்டுவிட்டார்கள். அக்கா ஒருத்தர்தான் விடவில்லை.

அவர் சொன்னதெல்லாம் வீட்டிலேயே செய்யக்கூடியது. கடைக்குப் போக வேண்டிய ஒன்றைக்கூட அவர் சொன்னதில்லை. ஆனால் செய்யாதவனை விடமாட்டார். வெந்நீரில் காலை அரைமணி நேரம் ஊற வைத்தேன் என்று ஒருவர் பெருமையாகச் சொன்னபோது, "காலென்ன உளுந்தா ஊறப் போட? கழுவிட்டு உடனே எடுக்கணும்" என்றார். விரல் நடுவில் எல்லாம் தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு வந்த டீக்கடைக்காரரிடம், "குதிகாலுக்குத்தான எண்ணெ. இடுக்குல விடுததுக்கு அது என்ன வண்டி அச்சா?" என்றார். கடைக்காரர் தன் கடையில் டீ குடிக்க வருகிறவர்களிடமெல்லாம் அதையே சொல்லி, அது அந்த வட்டாரம் பூராவும் பரவிவிட்டது.

நகம் வெட்டுவதை அக்கா யாரிடம் கற்றார் என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். மாடசாமி என்று ஒரு ஆட்டுக்காரர். கயத்தாற்றுப் பக்கம் கிடை போட்டு அலைகிறவர். கால் பெருவிரல் வீங்கிச் சீழ் பிடித்து வந்தார். நகத்தின் ஓரம் சதைக்குள் போய்க் குத்தியிருந்தது. எதை வைத்து வெட்டினீர்கள் என்று கேட்டதற்கு இடுப்பிலிருந்து பேனாக்கத்தியை எடுத்துக் காட்டினார். ஓரத்தைத் தோண்டித் தோண்டி எடுத்திருக்கிறார். நமக்கெல்லாம் அந்தப் பழக்கம் உண்டு. ஓரம் குத்தினால் இன்னும் ஆழமாகத் தோண்டுவோம். அது வளரும்போது இன்னும் உள்ளே போய்க் குத்தும்.

அக்கா சீழை எடுத்துக் கட்டுப் போட்டுக்கொண்டே கேட்டார். "அண்ணாச்சி, ஆட்டுக்குக் கொளம்பு வெட்டுவீங்கள்லா? அதையும் இப்பிடித்தான் ஓரத்துல தோண்டுவீங்களா?"

மாடசாமி பதறிவிட்டார். "ஏ தாயீ, தோண்டுனா ஆடு நொண்டிரும்லா! தட்டையா, நேரா வெட்டணும். அதுவும் காஞ்சு கெடக்கும்போது வெட்டக் கூடாது. மழ பெஞ்ச மறுநாளு மெதுவா இருக்கும், அப்பந்தான் வெட்டணும்."

"ஆட்டுக்குத் தெரிஞ்சது ஒங்களுக்குத் தெரியலயே அண்ணாச்சி."

மாடசாமி பேனாக்கத்தியை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டார். அக்கா அன்றைக்கே அவர் சொன்னதைப் பிடித்துக்கொண்டார். குளித்து முடித்த கையோடு, நகம் மெதுவாக இருக்கும்போது, நேராக வெட்டு, ஓரத்தை வளைக்காதே, ஒட்ட வெட்டாதே. அதற்குப் பிறகு வந்த ஆயிரம் பேருக்கு இதைத்தான் சொன்னார். சொல்லும்போதெல்லாம் "மாடசாமி அண்ணாச்சி சொல்லிக்குடுத்தது" என்று சேர்த்தே சொல்வார். ஒரு ஆட்டுக்காரரின் பெயரை மறைத்துத் தன் பெயரைப் போட்டுக்கொள்ள அவருக்கு ஒரு நிமிஷம் ஆகாது. அவர் செய்யவில்லை. என்னைப் போன்ற ஆட்கள் அதைச் செய்திருப்போம்.

மெழுகு விஷயத்தையும் நான் சொல்லியாக வேண்டும். அக்காவுக்குப் பெருமை சேர்க்காத விஷயம்போலத் தோன்றும். எனக்கு அதுதான் அவருடைய பெரிய பெருமை.

தீப்பெட்டி ஆபீஸில் குச்சியை மருந்தில் முக்குவதற்கு முன்னால் மெழுகில் முக்குவார்கள். அது உங்களுக்குத் தெரியும். வேலைக்குப் போகிற பெண்கள் கொட்டிக் கிடக்கும் மெழுகில் ஒரு கட்டி எடுத்து வந்து, நல்லெண்ணெய் விட்டு உருக்கி, குதிகால் வெடிப்பில் ஊற்றி அடைப்பார்கள். வெடிப்பு கடுக்காமல் இருக்கும். எங்கள் தெருவில்கூட எல்லா வீட்டிலும் அந்த மெழுகுச் சட்டி இருந்தது. அக்காவும் சின்ன வயதில் தீப்பெட்டி ஆபீஸுக்குப் போனவர்தான். வெடிப்போடு வருகிறவர்களுக்கு அவரே மெழுகு ஊற்றச் சொல்லிக்கொண்டிருந்தார்.

ராமலட்சுமி என்று ஒரு பெண், நாற்பத்தைந்து வயது இருக்கும், சர்க்கரை நோய் உள்ளவள். அக்கா சொன்னபடி மெழுகை உருக்கியிருக்கிறாள். புகை வரும்வரை காய்ந்திருக்கிறது. அவளுக்கோ காலில் உணர்ச்சி மட்டு. ஊற்றியது சுடவே இல்லை. "இதமா இருந்துச்சுக்கா" என்றாள் பாவி. நான்கு நாள் கழித்து வந்தபோது குதிகால் தோல் மொத்தமும் வெந்து கழன்றிருந்தது.

அக்கா கட்டுப் போட்டு அனுப்பிவிட்டு என் அறைக்கு வந்து தரையில் உட்கார்ந்தார். "நாந்தான சொன்னேன் கம்பவுண்டர் சார், நாந்தான சொன்னேன்" என்று அதையே திருப்பித் திருப்பிச் சொன்னார். நான் புத்திசாலித்தனமாக, "விடுங்கக்கா, அவளுக்கே புத்தி வேண்டாமா? நீங்க சொன்னீங்கன்னு யாருக்குத் தெரியப்போகுது" என்றேன். அக்கா என்னை நிமிர்ந்து பார்த்தார். "எனக்குத் தெரியும்லா" என்றார்.

மறுநாள் மத்தியானம் லீவு போட்டுவிட்டு ராமலட்சுமி வேலை பார்த்த தீப்பெட்டி ஆபீஸ் வாசலில் போய் நின்றிருக்கிறார். சாப்பாட்டு நேரத்துக்குப் பெண்கள் வெளியே வந்து வேப்பமரத்தடியில் தூக்குச்சட்டியைத் திறந்திருக்கிறார்கள். அத்தனை பேர் நடுவிலும் நின்றுகொண்டு, "ஏட்டி, எல்லாரும் கேளுங்க. மெழுகு ஊத்தச் சொன்னது நான். தப்பாச் சொல்லிட்டேன். ராமலட்சுமி காலு எம் புத்தியாலதான் வெந்துச்சு. சுகர் இருக்கவ எவளும் இனிம மெழுகப் பக்கத்துல கொண்டுவரக் கூடாது. சுகர் இருக்கான்னு தெரியாதவளும் ஊத்தக் கூடாது. நாளைக்கு எல்லாரும் ஆசுபத்திரிக்கு வாங்க, கையில ரத்தம் எடுத்துப் பாத்துருவோம்" என்று சொல்லியிருக்கிறார்.

முதலாளி வெளியே வந்து, இது என்ன கூத்து என்று சத்தம் போட்டிருக்கிறார். அக்கா அவரையும் செருப்பைக் கழற்றிக் காலைக் காட்டச் சொல்லிவிட்டார். அவருக்கும் வெடிப்பு. பெண்கள் சிரித்த சிரிப்பில் முதலாளி உள்ளே போய்விட்டாராம். அடுத்த வாரத்திலிருந்து மாதம் ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் அக்கா அங்கே போய்க் கால் பார்ப்பது வழக்கமாகிவிட்டது. மருத்துவமனையில் வேலை பார்த்த என் காலத்தில், தான் சொன்னது தப்பு என்று நாலு பேர் முன்னால் ஒத்துக்கொண்ட ஆள் அக்கா ஒருத்தர்தான். படித்தவர்கள் எத்தனையோ பேரைப் பார்த்தாகிவிட்டது. அதனால்தான் இதை நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு எழுதுகிறேன்.

இனி என் கதைக்கு வருகிறேன். இதை எழுதாமல் தப்பிக்கலாமா என்று பார்த்தேன். முடியவில்லை.

அந்தச் சமயத்தில் எனக்கே சர்க்கரை வந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. வீட்டில் மனைவிக்குத் தெரியாது. அண்ணனுக்குத் தெரியாது. ஊருக்கே சர்க்கரை மாத்திரை கொடுக்கிறவன், தனக்கு வேண்டியதை யாருக்கும் தெரியாமல் வாயில் போட்டுக்கொண்டு திரிந்தேன். கம்பவுண்டருக்கே சுகராம் என்று நாலு பேர் சிரிப்பார்களே என்ற வெட்கம். வேறு ஒரு காரணமும் இல்லை.

ஒருநாள் காலை பஸ்ஸை விட்டு இறங்கி மருத்துவமனைக்குள் நுழைந்தேன். வரிசையில் நின்றவர்கள் கொல்லென்று சிரித்தார்கள். குனிந்து பார்த்தால் வலது காலில்தான் செருப்பு இருக்கிறது. இடது செருப்பு வழியில் எங்கேயோ கழன்று விழுந்திருக்கிறது. வெறுங்காலோடு சரளைக் கல்லில் நடந்து வந்திருக்கிறேன், எனக்குத் தெரியவே இல்லை. "காலையிலேயே சார் என்ன நெனப்புல வாராவளோ" என்று ஒருவர் கேலி செய்தார். நானும் சேர்ந்து சிரித்தேன். சிரிக்காமல் நின்றது அக்கா மட்டும்தான்.

என்னைக் கட்டுப் போடும் அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்கை உருவினார். "கண்ண மூடுங்க. நான் தொடும்போது சொல்லுங்க" என்றார். நான் கண்ணை மூடிக்கொண்டு காத்திருந்தேன். ரொம்ப நேரமாக ஒன்றும் இல்லை. "என்னக்கா, தொடுங்க" என்றேன். கண்ணைத் திறந்தேன். ஈர்க்கின் நுனி என் இடது சுண்டுவிரலில் குத்திக்கொண்டிருந்தது.

"எத்தன வருசமா?" என்று கேட்டார். சொன்னேன். யாரிடமும் சொல்ல வேண்டாம் என்று கெஞ்சினேன். சொல்லமாட்டேன், ஆனால் ஒவ்வொரு திங்கள்கிழமையும் வந்து காலைக் காட்ட வேண்டும் என்றார். அடிப்பாதம் கண்ணுக்குத் தெரியாது, முகம் பார்க்கிற கண்ணாடியைத் தரையில் வைத்துத் தினமும் பாருங்கள் என்றார். செருப்பைப் போடுவதற்கு முன்னால் உதறிக் கையை உள்ளே விட்டுத் தடவிப் பாருங்கள் என்றார். எட்டாம் வகுப்புப் படித்தவர் எனக்குச் சொல்வதா என்று உள்ளுக்குள் கறுவிக்கொண்டே தலையாட்டினேன். திங்கள்கிழமை தோறும் காலைக் காட்டினேன். கண்ணாடி மட்டும் வைக்கவே இல்லை.

பங்குனி உத்திரம் வந்தது. நம் பக்கத்தில் அன்றைக்கு ஊரே காலியாகிக் குலசாமி சாஸ்தா கோயிலுக்குப் போய்விடும். எங்கள் சாஸ்தா கரிசல்காட்டுக்கு நடுவில் இருக்கிறார். வண்டியை ரோட்டில் நிறுத்திவிட்டு, செருப்பை அங்கேயே கழற்றிப் போட்டுவிட்டு, ஒரு மைல் வெறுங்காலோடு நடப்போம். அது எங்கள் வம்சத்து வழக்கம். அக்காவுக்கும் தெரியும். முந்தின நாளே என்னைப் பிடித்துக்கொண்டார்.

"கோயில் வாசல் வரைக்கும் செருப்போட போங்க, வாசல்ல கழத்துங்க. சாஸ்தா கோவிச்சார்னா பேச்சிதான் சொன்னான்னு சொல்லிருங்க."

"சாஸ்தா கோவிக்கமாட்டாருக்கா, எங்கண்ணன்தான் கோவிப்பாவ."

"அண்ணங்கிட்ட சுகர்னு சொல்லிருங்க."

அதைத்தான் என்னால் சொல்ல முடியாது. ரோட்டில் இறங்கியதும் அண்ணன் என் காலைப் பார்த்தார். நான் செருப்பைக் கழற்றிவிட்டேன். உச்சி வெயிலில் காய்ந்து வெடித்துக் கிடந்த கரிசலில், பொங்கல் பானையைத் தூக்கிக்கொண்டு, கால் சுடுகிறது என்று எல்லாரும் குதித்துக் குதித்து ஓடும்போது நான் மட்டும் நிதானமாக நடந்தேன். "தம்பிக்கு பக்தி ஜாஸ்தி" என்று அண்ணி சொன்னாள். எனக்குப் பெருமையாக வேறு இருந்தது. மடையன்.

சுண்டுவிரலுக்கு அடியில் உடைமரத்து முள் ஏறி ஒடிந்திருந்தது. எனக்குத் தெரியாது. மூன்றாம் நாள் பாதம் வீங்கியது. திங்கள்கிழமை போனால் அக்காவிடம் மாட்டிக்கொள்வேன் என்று காய்ச்சல் என்று எழுதிக் கொடுத்து லீவு போட்டேன். கடையில் மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டேன். மருந்து தெரிந்தவன் அல்லவா. வேட்டியை இழுத்து மூடிக்கொண்டு ஒரு வாரம் வீட்டில் கிடந்தேன்.

அடுத்த வாரம் புதன்கிழமை மத்தியானம் அக்கா பஸ் ஏறி எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார். என் மனைவி கதவைத் திறந்து, "வாங்கக்கா, அவியளுக்குக் காச்சல்" என்றாள். அக்கா உள்ளே வந்ததுமே புண் வாடையை மோப்பம் பிடித்துவிட்டார். தரையில் உட்கார்ந்து வேட்டியை விலக்கினார். சுண்டுவிரல் கறுத்திருந்தது. பாதம் கணுக்கால்வரை சிவந்து மினுங்கியது.

பேச்சியக்கா அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான். "திங்கக்கிழம வரலன்னதுமே நான் வந்திருக்கணும்லா. காச்சல்னு நம்பிட்டேனே, கூறுகெட்டவ" என்று தன்னைத்தான் திட்டிக்கொண்டார். என்னைத் திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். என் மனைவி ஒன்றும் புரியாமல் நின்றாள். அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஏட்டி, ஒம் புருசனுக்கு ரெண்டு வருசத்துக்கு மேலா சுகர். அழுவத அப்புறம் அழுவோம். மாத்துவேட்டி ரெண்டு எடு, கார் பிடி, திருநெல்வேலி போணும்" என்றார்.

திருநெல்வேலியில் டாக்டர் பார்த்துவிட்டு, இன்னும் இரண்டு நாள் போயிருந்தால் முழங்காலோடு எடுத்திருக்க வேண்டும் என்றார். விரலோடு போனது. என் இடது காலில் இப்போது நான்கு விரல். அறுவை முடிந்து கண் விழித்தபோது அக்கா கட்டிலின் கால்மாட்டில் நின்றார். போர்வையை விலக்கிப் பார்த்துவிட்டு, "காலு இருக்கு" என்றார். எனக்கு அது போதுமாக இருந்தது.

புண் ஆறுவதற்கு இரண்டரை மாதம் ஆனது. அத்தனை நாளும் வேலை முடிந்ததும் கோவில்பட்டிக்கு வந்து கட்டு மாற்றிவிட்டுத் தன் ஊருக்குப் போனார். அவர் ஊர் மணியாச்சிப் பக்கம். எங்கள் வீட்டுக்கு நேர் எதிர்த்திசை. நான் ஒருநாள் வெட்கப்பட்டு, "எதுக்குக்கா இவ்வளவு செரமம்" என்றேன். "செரமந்தான். அதுக்கு என்ன செய்ய? ஒங்க காலு எனக்கு முக்கியமாப் படுது, ஒங்களுக்குத்தான் படல" என்றார்.

நான் மறுபடி வேலைக்குப் போன பிறகு ஒருநாள், சர்க்கரைக்காரர்கள் கூடும் நாளில், அக்கா என்னைக் கூப்பிட்டார். ஐம்பது அறுபது பேர் உட்கார்ந்திருந்தார்கள். காதோடு கேட்டார். "கம்பவுண்டர் சார், இவிய யாரும் நான் சொல்லுதத கேக்க மாட்டேங்காவ. ஒங்க கால ஒருதரம் காட்டுதீங்களா? ஒண்ணும் பேச வேண்டாம். மனசு இல்லன்னா விட்டுருங்க."

ஓடிவிடலாமா என்றிருந்தது. அப்போது எனக்கு வேப்பமரத்தடியில் நின்ற பேச்சியக்கா ஞாபகத்துக்கு வந்தார். பெஞ்சில் உட்கார்ந்து செருப்பைக் கழற்றி, இடது காலை நீட்டினேன். பிறகு முன்னால் இருந்த ஒரு பெரியவர் மெதுவாகத் தன் செருப்பைக் கழற்றி, "தாயீ, எனக்கும் இங்கன ஒரு கறுப்பு இருக்கு, பாரு" என்றார். அவரைத் தொடர்ந்து இன்னொருவர். அன்றைக்கு ஒருநாளிலேயே மறைத்து வைத்திருந்த ஏழு புண்களை அக்கா பார்த்துவிட்டார். வெட்கத்தால் ஒரு விரலைத் தொலைத்த நான், அன்றைக்கு அந்த வெட்கத்தையே தொலைத்தேன். அதற்குப் பிறகு எந்தக் கூட்டத்திலும் நான் காலை ஒளித்ததில்லை.

அக்கா இறந்த அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நானும் மனைவியும் அவர் ஊருக்குப் போய்ச் சேர்ந்தோம். தெரு நிறைய ஆட்கள். பாதிப் பேர் அவர் கட்டுப் போட்டவர்கள். ராமலட்சுமி தலைமாட்டில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். மாடசாமி அண்ணாச்சி தள்ளாத வயதில் கயத்தாற்றிலிருந்து வந்திருந்தார். சர்க்கரையே இல்லாத அக்காவை நெஞ்சுவலி கொண்டுபோயிருந்தது. பாதத்தைத் தொட்டுக் கும்பிட்டேன். நகங்கள் நேராக, அழகாக வெட்டியிருந்தன.

பாடை எடுக்கிற நேரம் வந்தது. மயானம் ஊருக்கு வெளியே, முக்கால் மைல். தார் ரோடு அனலாகக் கொதித்தது. நானும் தோள் கொடுக்கப் போனேன். பாடை தூக்குகிறவன் செருப்புப் போடக் கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். ஒரு நிமிஷம் தயங்கினேன். அக்காவைத் தூக்குவதற்காகக் கால் போனாலும் போகட்டும் என்று செருப்பைக் கழற்றக் குனிந்தேன்.

செல்வம் தீச்சட்டியோடு நின்றவன், அதை அப்படியே கீழே வைத்துவிட்டு ஓடி வந்து என் கையைப் பிடித்தான்.

"மாமா, கழத்தாதீங்க. அம்மா சொல்லிருக்காவ."

அக்காவின் கொழுந்தனார் பெரியவர். அவர் முகம் சுளித்தார். "ஏலே, இது என்ன புதுப் பழக்கம்? செருப்புக் காலோடயா பொணந் தூக்குவாவ?"

செல்வம் அழுதுகொண்டே எல்லாருக்கும் கேட்கச் சொன்னான். "சித்தப்பா, போன வாரம் நெஞ்சு வலிக்கும்போதே சொல்லிட்டாவ. 'கோவில்பட்டிலருந்து கம்பவுண்டர் வருவாவ. தோள் குடுக்கேன்னு நிப்பாவ. அவிய செருப்பக் கழத்துனா என்னையத் தூக்காதீங்க, வெயில் தாழுத வரைக்கும் இங்கனயே போட்டு வைங்க. சுகர் இருக்க ஒருத்தரும் வெறுங்காலோட எம் பின்னால வரக் கூடாது' அப்படின்னாவ."

கொழுந்தனார் பாடையைப் பார்த்தார், என் காலைப் பார்த்தார். பிறகு துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, தெருவோரம் கழற்றிப் போட்டிருந்த தன் செருப்பைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டார். "எனக்கும் சுகர்தான்யா" என்றார். அவர் வீட்டு ஆட்களே அப்போதுதான் அதைக் கேட்டார்கள். கூட்டத்தில் ஒவ்வொருவராகப் போய்ச் செருப்பைப் போட்டுக்கொண்டு வந்து நின்றார்கள். எத்தனை பேர் என்று நான் எண்ணவில்லை. எண்ணுகிற நிலையில் இல்லை.

அக்காவின் நினைவாக என்னிடம் ஒரு படம்கூடக் கிடையாது. அவர் எனக்கு மிச்சம் வைத்துவிட்டுப் போனது என் இடது காலை. அன்றைக்கு மயானம்வரை அதை ஊன்றித்தான் அவரைச் சுமந்துகொண்டு போனேன்.